நானாக விழுந்த எட்டு மாதங்கள்

காலை பத்து மணி நாற்பத்திரண்டு. பள்ளி உடற்பயிற்சிக் கூடத்தின் சுவரில், கூடைப்பந்து ஆட்டங்களுக்கென்று மாட்டியிருந்த சிவப்பு எண் கடிகாரம் அப்படித்தான் காட்டியது. அந்த நிமிடம்தான் என் மகள் எதிரே நின்ற பெண்ணின் இடது காலுக்கு உட்புறமாகத் தன் காலைக் கோத்து, அவள் சட்டையை மார்பருகே இறுக்கிப் பிடித்து, முழு பலத்தோடு முன்னால் தள்ளினாள். எட்டு மாதங்களாகச் சனிக்கிழமைதோறும் என்னைக் கீழே சாய்த்த அதே பிடி.

அந்தப் பெண் விழவில்லை.

மறுபடி தள்ளினாள். பற்களில் கம்பி போட்ட, என் மகளைவிடக் குள்ளமான பெண் அவள். ஒரே எடைப்பிரிவு என்பதால் சேர்த்துவிட்டிருந்தார்கள். கால்களை அகட்டிச் சும்மா நின்றாள். அப்போது என் மகள் அவளை விட்டுவிட்டுத் திரும்பி, மரப்படிகளில் உட்கார்ந்திருந்த என்னைப் பார்த்தாள். தினமும் திறக்கிற பூட்டில் சாவி திரும்பாமல் போனால் பார்ப்போமே, அந்தப் பார்வை. அவள் கண் என் மேல் இருக்கும்போதே அவள் உடம்பு தூக்கப்பட்டு, சுழன்று, விரிப்பில் முதுகு அறைய விழுந்தது.

மூன்று ஆட்டத்தில் இரண்டு முறை வீழ்த்தியவர் ஜெயித்தவர். இரண்டாவது முறைக்கு நான்கு வினாடிகூட ஆகவில்லை. நடுவர் அந்தப் பெண்ணின் கையைத் தூக்கினார். கூட்டத்தில் எங்கோ யாரோ சிரித்தார்கள். எங்களைப் பார்த்துத்தான் சிரித்தார்கள் என்று சொல்ல முடியாது. ஆனால் என் மகளும் அந்தச் சிரிப்பைக் கேட்டாள்.

எனக்குப் பின்படியில் மதுரைக்காரம்மா உட்கார்ந்திருந்தார். பிஸ்கட்டவே என்கிற அமெரிக்கச் சிறுநகரில் எங்கள் வீட்டுக்கு இரண்டு தெரு தள்ளி இருப்பவர். அவர் மகளும் என் மகளோடு அதே மல்யுத்த வகுப்பில் பழகுகிறாள். குனிந்து என் காதருகே கேட்டார்.

“அச்சச்சோ. உங்க பொண்ணு யார்கூடங்க ப்ராக்டீஸ் பண்ணா?”

அவருக்குத் தெரியும். எல்லாருக்கும் தெரியும்.

“என்கூடதான்.”

“அதாங்க கேட்டேன்,” என்று சொல்லிவிட்டுத் தன் காபிக் கோப்பையின் மூடியைத் திறந்தார்.

இது எப்படி ஆரம்பித்தது என்பதைச் சொல்ல வேண்டும். என் மகளுக்கு அப்போது பதினான்கு வயது. அதற்கு முன் வயலின், பாட்டு, நீச்சல், செஸ் எல்லாவற்றிலும் சேர்த்தோம், எல்லாவற்றையும் விட்டாள். ஒவ்வொன்றிலும் நான் “நல்லா பண்றடா கண்ணா” என்றுதான் சொன்னேன். அவள் வயலின் வாசித்தபோது பக்கத்து அறையில் நான் காதில் பஞ்சு வைத்துக்கொண்டு அலுவலகக் கோப்புகளைப் பார்த்ததும் உண்டு. பள்ளியில் அவள் மதியச் சாப்பாட்டை நூலகத்தில் தனியாக உட்கார்ந்து சாப்பிடுகிறாள் என்று ஆசிரியை மின்னஞ்சல் அனுப்பினார். நடக்கும்போது தோள்கள் இரண்டும் முன்னால் மடிந்து, நெஞ்சை ஒளித்துக்கொண்டு நடப்பாள். உட்கார்ந்திருக்கும் அவளைப் பார்த்தால் யாரோ மடித்துவைத்த மாதிரி இருக்கும்.

ஊர் நூலகத்தில் சீனப் புத்தாண்டு விழா நடந்தது. சும்மா போனோம். அங்கே சீன மல்யுத்தம் காட்டினார்கள். ஷுவாய் ஜியாவ் என்று பெயர். கெட்டியான பருத்தித் துணியில், அரைக்கை வைத்த ஒரு சட்டை, இடுப்பில் கச்சை. அந்தச் சட்டையையும் கச்சையையும் பிடித்து ஆளைச் சாய்க்க வேண்டும். பாதத்தைத் தவிர உடம்பின் எந்த இடம் தரையைத் தொட்டாலும் தோல்வி. விழுந்தவரை அமுக்குவதோ புரட்டுவதோ கிடையாது. விழுந்தால் முடிந்தது, எழுந்து நிற்கலாம். ஒல்லியான ஒரு பெண் தன்னைப் போல இரண்டு மடங்கு ஆளை இடுப்பில் ஏற்றிப் போட்டாள். என் மகள் என் கையைப் பிடித்து, “அம்மா, ஐ வான்ட் டு டூ தட்,” என்றாள். பதினான்கு வருடத்தில் அவளாக ஒன்றைக் கேட்டது அதுதான் முதல் முறை.

வகுப்பு ஒரு நடுநிலைப் பள்ளியின் உணவுக்கூடத்தில். மேசைகளை மடித்துச் சுவரோரம் தள்ளிவிட்டு நீல விரிப்புகளைப் பரப்புவார்கள். வெள்ளிக்கிழமை பீட்சாவின் வாசனை சனிக்கிழமையும் போகாது. மாஸ்டர் வட சீனாவிலிருந்து வந்தவர், ஐம்பதைத் தாண்டியவர். வாரநாட்களில் பல்கலைக்கழகத்தில் கொதிகலன் பராமரிப்பு வேலை. ஆங்கிலம் கொஞ்சம்தான். கற்றுக்கொடுத்த முதல் பாடம், எறிவது அல்ல. எறிகிறவர், விழுகிறவரின் சட்டைக்கையைக் கடைசிவரை விடாமல் மேல்நோக்கி இழுத்துப் பிடித்திருக்க வேண்டும் என்பது. அப்போதுதான் விழுகிறவரின் தலையும் தோளும் தரையில் மோதாது. “யூ த்ரோ, யூ ஹோல்ட்,” என்று நூறு முறை சொல்வார்.

வகுப்பில் ஆறு பிள்ளைகள். நான்கு பேர் பையன்கள். இன்னொரு பெண் மதுரைக்காரம்மாவின் மகள், நல்ல தாட்டியான உடம்பு. இரண்டாவது வாரம் அந்தப் பெண் போட்டபோது என் மகள் நாக்கைக் கடித்துக்கொண்டாள். காரில் வாயில் டிஷ்யூவை அடைத்துக்கொண்டு வந்தாள். அன்று மாலை அந்தச் சட்டை சமையலறைக் குப்பைத்தொட்டியில், வெங்காயத் தோலுக்கு மேல் கிடந்தது. எடுத்தேன், ரத்தக்கறை போகத் துவைத்தேன், காயவைத்தேன். இதையும் விட்டுவிட்டாளென்றால் இனிமேல் எதையும் கேட்கமாட்டாள் என்று தோன்றியது. அந்த ஒரே பயம்தான். அதிலிருந்துதான் மற்ற எல்லாம்.

அடுத்த சனிக்கிழமை மாஸ்டரிடம் போய், எனக்கு ரத்த அழுத்தம் இருக்கிறது, உடற்பயிற்சி செய்யச் சொல்லியிருக்கிறார்கள், நானும் சேர்கிறேன், என் மகளோடு நானே ஜோடியாகப் பழகுகிறேன் என்றேன். பையன்கள் அவள் இடுப்புக் கச்சையைப் பிடிப்பதை என்னால் பார்த்துக்கொண்டிருக்க முடியவில்லை என்பதைச் சொல்லவில்லை. அந்தத் தாட்டியான பெண்ணிடம் அவளை இனி விடமாட்டேன் என்பதையும் சொல்லவில்லை. மாஸ்டர் என்னை ஏற இறங்கப் பார்த்தார். எனக்கு நாற்பத்தேழு வயது, எழுபது கிலோ.

“மம்மி வான்ட் டு ஃபால்?”

“யெஸ், மாஸ்டர்.”

சிரித்தார். எனக்கும் ஒரு சட்டை வந்தது.

முதல் நாள் அவள் காலைக் கோத்துத் தள்ளியபோது நான் அசையவே இல்லை. அவள் முகம் மடிவதைப் பார்த்தேன். இரண்டாவது முறை தள்ளியபோது முழங்காலைத் தளர்த்தி விழுந்தேன். அவள் என்னைக் குனிந்து பார்த்தாள். சட்டைக்கையை மறக்காமல் பிடித்திருந்தாள். “அம்மா, ஆர் யூ ஓகே?” என்று கேட்டாள். வாயில் சிரிப்பு நிற்கவில்லை. அந்தச் சிரிப்புக்காக இன்னும் நூறு தடவை விழுவேன் என்று நினைத்தேன். நூறுக்கு மேலேயே விழுந்தேன்.

விழுவதில் நான் கெட்டிக்காரி ஆனேன். மிக எளிதாக விழுந்தால் கண்டுபிடித்துவிடுவாள் என்பதால், முதலில் கொஞ்சம் எதிர்ப்பேன். தோளை முறுக்குவேன், மூச்சு வாங்குவேன், ஒரு அடி பின்னால் வைப்பேன், அப்புறம் விழுவேன். அவள் பள்ளிக்குப் போன நேரத்தில், வீட்டிலிருந்து வேலை செய்கிற நாட்களில், படுக்கையறையில் இரண்டு கம்ஃபர்ட்டரை விரித்து, உள்ளங்கையை அறைந்து சத்தத்தோடு விழப் பழகினேன். சத்தம் வந்தால்தான் எறிந்தது மாதிரி இருக்கும். மருந்து நிறுவனத்தில் பரிசோதனை முடிவுகளைச் சரிபார்ப்பது என் வேலை. ஒரு எண் பொய்யாக இருந்தால் மொத்தக் கோப்பையும் திருப்பி அனுப்புகிறவள் நான். இதையும் எழுதிவிடுகிறேன்.

என் முறை வரும்போது, அவளை இடுப்பில் ஏற்றி, குடத்தை இறக்கிவைக்கிற மாதிரி மெதுவாக விரிப்பில் இறக்குவேன். வகுப்பு முடிவில் மாஸ்டர் என்னைக் கூப்பிட்டு, “மம்மி, நவ் மீ,” என்பார். பத்து முறை அவரை எறிய வேண்டும். அவரை மட்டும் நிஜமாக எறிவேன். வலது கையால் இடுப்பைச் சுற்றி வளைத்து, இடது கையால் சட்டைக்கையை இழுத்து, இடுப்பைக் கொடுத்து. மேலாளர் சொன்னது, மாமியார் போனில் சொன்னது எல்லாம் அந்தப் பத்து முறையில் போகும். அவர் விழுந்து எழுந்து, “குட். ஸ்ட்ராங் மம்மி,” என்பார். ஒரு நாள் சட்டையைத் தட்டிக்கொண்டே சொன்னார். “வித் டாட்டர், மம்மி ஃபால் டூ அர்லி.” எனக்குப் புரியாத மாதிரி தலையாட்டினேன். அவருடைய ஆங்கிலத்தைக் காரணமாக வைத்துக்கொள்வது வசதியாக இருந்தது.

மகள் மாறினாள். அதைப் பொய் என்று யாரும் சொல்ல முடியாது. தோள் விரிந்தது. மூன்று தோசை சாப்பிட்டாள். கராஜ் தூணில் பழைய சைக்கிள் ட்யூபைக் கட்டி இழுத்து இழுத்துப் பழகினாள். நூலகத்தை விட்டு வெளியே வந்து, மரத்தடி மேசையில் இரண்டு பெண்களோடு சாப்பிட ஆரம்பித்தாள். அவர்களில் ஒருத்தியிடம் தொலைபேசியில், “ஐ த்ரோ மை மாம் எவ்ரி வீக்,” என்று சிரித்ததைக் கேட்டேன். எனக்குப் பெருமையாக இருந்தது.

போட்டி அறிவிப்பு வந்தபோது அவள்தான் கலந்துகொள்ளலாமா என்று கேட்டாள். மாஸ்டரிடம் சொன்னேன். அவர் உடனே, “நாட் ரெடி. ஷி நீட் அதர் பார்ட்னர். த்ரீ மன்த்,” என்றார். காரில் அவள் கேட்டபோது, “மாஸ்டர் ஓகே சொல்லிட்டார்டா,” என்றேன். பெற்றோரே பதிவு செய்துகொள்ளலாம் என்று இருந்தது. பதிவு செய்தேன். போட்டியன்று காலை பட்டியலில் அவள் பெயரைப் பார்த்த மாஸ்டர் என்னை ஒரு முறை பார்த்தார். அவளுடைய கச்சையை அவிழ்த்து, தானே சரியாகக் கட்டிவிட்டார்.

பத்து நாற்பத்திரண்டுக்கு அப்புறம், தோற்றவர்கள் போகிற வழியில் அவள் போகவில்லை. நேராக என்னிடம் வந்தாள். அழவில்லை. அழுதிருந்தால் எனக்கு என்ன செய்வதென்று தெரிந்திருக்கும்.

“டிட் யூ ஜஸ்ட் ஃபால்?”

“என்னடா சொல்ற?”

“க்ளாஸ்ல. டிட் யூ ஃபால் ஆன் பர்ப்பஸ்?”

மதுரைக்காரம்மா கோப்பையை வாயருகே வைத்தபடி அசையாமல் இருந்தார். எனக்குத் தெரிந்த இன்னும் இரண்டு அம்மாக்கள் பேச்சை நிறுத்தினார்கள்.

“இல்லடா. நீ நல்லாத்தான் பண்ண. அந்தப் பொண்ணு ரொம்ப வருஷமா—”

“புட் ஆன் யுவர் ஜாக்கெட்.”

என் சட்டை அவள் பையில்தான் இருந்தது. காலையில் வார்ம் அப்புக்கு நான் வேண்டும் என்று எடுத்து வந்திருந்தோம். கூடத்தின் மூலையில், ஆட்டத்துக்கு முன் உடம்பைச் சூடாக்கிக்கொள்ள ஒரு விரிப்பு போட்டிருந்தார்கள். அங்கே போனோம். வேண்டாம் என்று சொல்லியிருக்கலாம். காருக்குப் போகலாம், வழியில் ஏதாவது சாப்பிடலாம் என்று சொல்லியிருக்கலாம். என்னைப் பார்த்துக்கொண்டிருந்தவர்கள் முன்னால், மகளிடம் பொய் சொன்னவளாக நிற்க முடியாமல்தான் போனேன் என்று இப்போது தோன்றுகிறது.

அவள் காலைக் கோத்தாள். தள்ளினாள். நான் விழவில்லை.

இந்த ஒரு முறை விழுந்திருக்க வேண்டும். இல்லை, முதல் நாளே விழாமல் இருந்திருக்க வேண்டும். இரண்டில் எது என்று இன்னும் எனக்குத் தீர்மானமில்லை. அன்றைக்கு என் கால் தானாக ஊன்றி நின்றது. அவள் மறுபடி தள்ளினாள். மறுபடியும். எழுபது கிலோ. மாஸ்டரைப் பத்துப் பத்து முறையாக எட்டு மாதம் தூக்கிய இடுப்பு. அவள் தள்ளியது எனக்கு ஒரு குழந்தை சாய்ந்துகொள்கிற அளவுக்குத்தான் இருந்தது. அவள் முகம், நான் எட்டு மாதம் பார்க்காமல் தப்பித்த அந்த முகம், என் நெஞ்சுக்கு அருகில் இருந்தது.

பின்னாலிருந்து மதுரைக்காரம்மாவின் குரல் கேட்டது. மெதுவாகச் சொல்கிற மாதிரி சொன்னார், ஆனால் எல்லாருக்கும் கேட்டது.

“பாவம்ங்க, விட்ருங்க. பெத்தவள ஜெயிச்சா ஜெயிச்சதா ஆயிடுமா?”

மகள் என் சட்டையை விடவில்லை. மூச்சு வாங்க, பல்லைக் கடித்துக்கொண்டு பேசினாள். ஆங்கிலத்தில் அவள் கேட்டதைத் தமிழில் எழுதுகிறேன்.

“வயலினும் இப்படித்தானா?”

“என்ன வயலின்?”

“நல்லா வாசிக்கிறேன்னு சொன்ன. அதுவும் இப்படித்தானா? எல்லாமே இப்படித்தானா?”

“அம்மா உன் நல்லதுக்குத்தான்டா—”

“த்ரோ மீ.”

“வேணாம்.”

“யூ நெவர் த்ரூ மீ. த்ரோ மீ.”

“வேணாம்னு சொல்றேன்ல. எல்லாரும் பாக்கறாங்க.”

அவள் என் கணுக்காலுக்கு மேலே எலும்பில் உதைத்தாள். “த்ரோ மீ.” அதே இடத்தில் இன்னொரு உதை. “யூ ஆர் ஸ்கேர்ட் ஆஃப் எவ்ரிதிங்.” மூன்றாவது உதை. “அதனாலதான் நானும் இப்படி இருக்கேன்.”

இந்தக் கடைசி வாக்கியத்தை மட்டும் தமிழில் சொன்னாள். எனக்குப் புரியாமல் போய்விடக் கூடாது என்று தமிழில் சொன்னாள்.

என் வலது கை அவள் இடுப்பைச் சுற்றி வளைந்தது. இடது கை சட்டைக்கையை இழுத்தது. இடுப்பைக் கொடுத்தேன். நாற்பத்தாறு கிலோ. மாஸ்டரைவிட எவ்வளவு லேசு என்பதை உடம்பு கணக்கெடுக்கவில்லை. அவள் கால்கள் என் தலைக்கு மேல் போனதை நிழலாகப் பார்த்தேன். அவள் மேலிருந்து கீழே வருகிற நேரத்தில், இடது கையை மேல்நோக்கி இழுத்துப் பிடித்திருக்க வேண்டிய அந்த நேரத்தில், என் கையில் சட்டை இல்லை.

அன்று மதியம் மருத்துவமனையில் ஒரு பெண்மணி என்னிடம் இதைத்தான் கேட்டார். கை நழுவியதா? ஆமாம், நழுவிவிட்டது, வியர்வை என்று சொன்னேன். அவர் எழுதிக்கொண்டார். இங்கே எழுதுகிறேன். நழுவவில்லை. விட்டேன். ஒரு நொடியில் பாதிதான் இருக்கும். அந்தப் பாதி நொடியில் எனக்கு அவள் மேல் அவ்வளவு கோபம் இருந்தது. விரல்கள் விரிந்தது எனக்குத் தெரியும்.

வலது தோளும் தலையின் பக்கமும் சேர்ந்து விரிப்பில் மோதின. குச்சி ஒடிகிற மாதிரி ஒரு சத்தம். அவள் கண்ணைத் திறந்தபடி அசையாமல் கிடந்தாள். நான் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டேன். பதில் இல்லை. பிறகு ஒரு சத்தம் போட்டாள். பிறந்த அன்றைக்குப் பிறகு அவளிடமிருந்து நான் அப்படி ஒரு சத்தத்தைக் கேட்டதில்லை.

மாஸ்டர் ஓடி வந்தார். மண்டியிட்டு, அவள் தலையின் இரண்டு பக்கமும் கையை வைத்து, கழுத்து அசையாமல் பிடித்துக்கொண்டார். யாரோ 911 அழைத்தார்கள். நான் குனிந்து அவள் கையைத் தொடப் போனேன். அவள், “டோன்ட்,” என்றாள். மாஸ்டர் தலையை நிமிர்த்தி என்னைப் பார்த்தார். கோபம் எதுவும் இல்லை அந்த முகத்தில்.

“மம்மி,” என்றார். “யூ லெட் கோ.”

ஆம்புலன்சில் வந்த இளைஞர், அம்மா முன் இருக்கையில் உட்காரலாம் என்றார். கழுத்தில் பட்டையோடு, பலகையில் கட்டப்பட்டுப் படுத்திருந்தவள் கூரையைப் பார்த்தபடி, “நோ,” என்றாள். அவர் என்னையும் அவளையும் மாறி மாறிப் பார்த்தார். “மேடம், நீங்க உங்க காரில் பின்னால் வரலாம்,” என்று சொல்லிக் கதவைச் சாத்தினார். மல்யுத்தச் சட்டையோடே ஓட்டினேன். சிக்னல்களில் ஆம்புலன்ஸ் போய்விட்டது, நான் நின்றேன். மதுரைக்காரம்மாவிடமிருந்து வாட்ஸாப்பில் செய்தி வந்தது. “ஏதாவது ஹெல்ப் வேணும்னா சொல்லுங்க.” கும்பிடு போட்ட இரண்டு கைகள்.

கழுத்துக்கு ஒன்றும் இல்லை. தலைக்கும் ஒன்றும் இல்லை. வலது காறை எலும்பு முறிந்திருந்தது. எலும்பு நகரவில்லை, அறுவை சிகிச்சை வேண்டாம், கையைத் தூளியில் தொங்கவிட்டால் சேர்ந்துவிடும் என்றார் மருத்துவர். அறைக்குள் போனேன். அவள் நர்ஸிடம், அம்மா வெளியே இருக்கட்டும், அப்பா வரட்டும் என்று சொன்னாள். என்னிடம் சொல்லவில்லை, நர்ஸிடம் சொன்னாள். நர்ஸ் என்னிடம் அதைத் திருப்பிச் சொல்லும்போது குரல் மாறியிருந்தது.

அதற்கு அப்புறம்தான் அந்தப் பெண்மணி வந்தார். மருத்துவமனையின் சமூகப் பணியாளர், கழுத்தில் அடையாள அட்டை, கையில் ஒரு பலகையும் தாளும். பிள்ளைகளுக்கு அடிபட்டு வந்தால் வழக்கமாகக் கேட்பதுதான் என்றார். முதலில் உள்ளே போய், கதவைச் சாத்திக்கொண்டு, அவளிடம் தனியாகப் பேசினார். நான் தாழ்வாரத்தில், காபி இயந்திரத்துக்கு எதிரே, பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்திருந்தேன். என் மகளை என்னிடமிருந்து எடுத்துக்கொண்டு போய்விடுவார்களா என்று நினைத்தேன். எங்கள் ஊர்க்காரர்கள் விருந்துகளில் இப்படிப்பட்ட கதைகளைச் சொல்லிக் கேட்டிருக்கிறேன். அதைவிடப் பெரிய பயம், அவள் உண்மையைச் சொல்லிவிடுவாள் என்பது இல்லை. இனிமேல் அவள் எதிலும் எழுந்து நிற்கமாட்டாள் என்பது. வீட்டுக்குப் போனதும் அந்தச் சட்டை குப்பைத்தொட்டியில் கிடக்கும். இந்த முறை நான் எடுத்துத் துவைத்தாலும் பயன் இருக்காது. தோள்கள் மறுபடி மடியும், ஒரு தோள் இனி நிஜமாகவே.

பதினைந்து நிமிடம் கழித்து அந்தப் பெண்மணி வெளியே வந்து என் பக்கத்தில் உட்கார்ந்தார்.

“பயிற்சி செய்துகொண்டிருந்தோம் என்கிறாள் உங்கள் மகள். அவள்தான் எறியச் சொன்னாளாம். விபத்து என்கிறாள். சரிதானா?”

“சரிதான்.”

“கை நழுவியதா?”

அதற்கு நான் சொன்ன பதிலை மேலே எழுதிவிட்டேன். அவர் தாளைப் பார்த்தார், என் கணுக்காலில் சிவந்து வீங்கியிருந்ததைப் பார்த்தார். ஒரு தொலைபேசி எண்ணைக் கொடுத்துவிட்டுப் போனார். இரண்டு பேரும் ஒரே பொய்யைச் சொல்லியிருந்தோம். அவள் எனக்காகச் சொன்னாளா, தனக்காகச் சொன்னாளா என்று கேட்க அந்தக் கதவுக்குள் போக எனக்கு அனுமதி இல்லை.

கணவருக்குப் பதினேழு முறை அழைத்திருந்தேன். அன்று அவருக்குத் தொழிற்சாலையில் சனிக்கிழமை வேலை. மருந்து தயாரிக்கிற அறைக்குள் போகும்போது செல்போனை லாக்கரில் வைத்துவிட வேண்டும். வெளியே வரும்போதுதான் பார்ப்பார். நான் தாழ்வாரத்தில் உட்கார்ந்து, கதவின் சின்னக் கண்ணாடி வழியாக அவள் கால்களைப் பார்த்துக்கொண்டிருந்தேன். வெள்ளைக் காலுறை, ஒன்றில் ஓட்டை. ஒரு முறை எழுந்து, கண்ணாடிக்கு அருகே போய் நின்றேன். அவள் தலையைத் திருப்பினாள். என்னைப் பார்த்தாள். இடது கையால் போர்வையை முகம் வரை இழுத்துக்கொண்டாள். திரும்பி வந்து உட்கார்ந்தேன். சட்டையைக் கழற்றலாம் என்றால் கச்சை முடிச்சு இறுகியிருந்தது, விரலுக்கு வரவில்லை. அவிழ்க்க முயன்றுகொண்டே இருந்தேன்.

மூன்று ஐம்பதுக்குக் கணவர் வந்தார். நெற்றியில் தலையுறையின் ரப்பர் பதிந்த கோடு அப்படியே இருந்தது. ஓடி வந்திருந்தார்.

“என்ன ஆச்சு? நீயா பண்ண?”

“ஆமா.”

அவர் உள்ளே போனார். கதவு சாத்திக்கொண்டது. பிறகு அவள் அழுவது கேட்டது. காலையிலிருந்து என் எதிரில் அழாமல் வைத்திருந்ததை எல்லாம் அவரிடம் அழுதாள். பிறகு பேச்சு. அவள் குரல்தான் அதிகம். அவர் குரல் நடுநடுவே ஒரு வார்த்தை, இரண்டு வார்த்தை. இருபது நிமிடம் இருக்கும்.

வெளியே வந்தார். என் பக்கத்தில் உட்காரவில்லை. கார் சாவியைக் கையில் வைத்துக்கொண்டு, காபி இயந்திரத்தைப் பார்த்தபடி நின்று சொன்னார்.

“எலும்பு சேர்ந்ததும் திரும்ப க்ளாஸுக்குப் போறாளாம். அந்த மதுரைக்காரங்க பொண்ணுகூட ப்ராக்டீஸ் பண்ணப் போறாளாம். நான்தான் கூட்டிட்டுப் போகணுமாம். நீ உள்ள வரக் கூடாதாம், பார்க்கிங்லகூட நிக்கக் கூடாதாம். அப்படியே சொல்லச் சொன்னா, சொல்லிட்டேன். இப்ப என் கார்ல வர்றா. நீ கொஞ்சம் நேரம் கழிச்சுக் கிளம்பி வா.”